நிறுத்தும் உரிமை யாருக்கு?

கரிவலம்வந்தநல்லூரில் ஆவணித் தபசு என்றால் கூட்டம் திரளும். ஒப்பனை அம்மாள் தவமிருக்க, பால்வண்ணநாதர் காட்சி கொடுப்பார். பக்கத்துச் சங்கரன்கோவிலில் கோமதி அம்மனுக்கு ஆடித் தபசு. உடலை வருத்தி நிற்பதை இந்தப் பக்கம் எல்லோரும் கையெடுத்துக் கும்பிடுவார்கள். ஆனால், நிற்பது அம்மனாக இருக்க வேண்டும். கொடையில் விடிய விடியக் கரகம் சுமந்து ஆடும் பெண்ணும், சாவு வீட்டிலிருந்து சுடுகாடு வரை வெயிலில் பறையடித்துக்கொண்டே நடப்பவரும் செய்வது யார் கண்ணுக்கும் தவமாகத் தெரிவதில்லை.

கலைக் கல்லூரிகளில் இதற்கு 'பெர்ஃபார்மன்ஸ் ஆர்ட்' என்று பெயர். 1974இல் இத்தாலியின் நேப்பிள்ஸ் நகரில் மரீனா அப்ரமோவிச் 72 பொருட்களை மேசையில் பரப்பினார். ரோஜா, தேன், கத்தி, தோட்டாவோடு துப்பாக்கி. "எதையும் என் மீது பயன்படுத்தலாம்" என்று 6 மணி நேரம் அசையாமல் நின்றார். துணியைக் கிழித்தார்கள், தோலைக் கீறினார்கள். நேரம் முடிந்து அவர் நடக்கத் தொடங்கியதும் கூட்டம் கலைந்து ஓடியது. தைவானிலிருந்து நியூயார்க் போன தெச்சிங் சியே, 1980-81இல் ஓராண்டு முழுக்க, மணிக்கொரு முறை தொழிற்சாலைக் கடிகாரத்தில் அட்டை குத்தினார். 8,760 முறையில் தவறியது 133 மட்டுமே. அப்போது அவர் முறையான ஆவணங்கள் இல்லாத குடியேறி. முதலாளியின் கடிகாரம் உடலை என்ன செய்யும் என்று அறிந்தவர்.

இவர்களை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால், எப்போது தொடங்குவது, எப்போது முடிப்பது என்பதை இவர்களே முடிவு செய்தார்கள். பறையடித்தவருக்கு அதை ஊர் முடிவு செய்தது. சாவுக்கு அடிப்பதைச் சாதி அவர்மேல் கடமையாகச் சுமத்தியது. மறுத்தவர்களுக்கு அடியும் ஊர்விலக்கமும் கிடைத்தன. அதனால்தான் "இனிமேல் சாவுக்கு அடிக்க மாட்டோம்" என்று பல ஊர்களில் எழுந்த குரலை, நம் மண்ணின் மிகப் பெரிய உடல்வழி நிகழ்வு என்கிறேன். அங்கே கலைஞர் கையை நிறுத்தினார். அதுவே கலகம்.

பிறகு கே.ஏ. குணசேகரன், புத்தர் கலைக்குழு போன்றோர் வழியாகத் தலித் கலையும் பறையும் மேடையேறின. அதே தோல், அதே நெருப்பு, ஆனால் அடிப்பது என் விருப்பம். 2025இல் பறையிசைக் கலைஞர் வேலு ஆசானுக்குப் பத்மஸ்ரீ கிடைத்தது மகிழ்ச்சியே.

விருது ஒருவருக்கு. கரகம் ஆடும் பெண் இன்னும் உடை மாற்ற மறைவிடம் தேடுகிறார். குடித்தவன் அவர் உடையில் ரூபாய் நோட்டைக் குத்த வருகிறான். நேப்பிள்ஸில் நடந்ததுதான் இங்கேயும் நடக்கிறது, 6 மணி நேர வரம்பு மட்டும் இல்லை.

"கூலி, நேரமெல்லாம் பேசினால் கலை கெட்டுவிடும்" என்பார்கள். நாதஸ்வர வித்வான் தொகை பேசித்தானே கச்சேரிக்கு வருகிறார்? அங்கே கெடாத கலை இங்கே மட்டும் ஏன் கெடும்?

தோழர்களே, உங்கள் கல்லூரி விழாவுக்கோ ஊர் நிகழ்ச்சிக்கோ கலைக்குழுவை அழைத்தால் தொடங்கும் நேரம், முடியும் நேரம், ஓய்வு, உடை மாற்றும் இடம், சம்பளம், வண்டிச் செலவு எல்லாவற்றையும் முன்பே பேசி எழுதிக்கொள்ளுங்கள். ஆடுகிறவர் "போதும்" என்றால் போதும். "இன்னும் ஒரு பாட்டு" என்று எவன் கத்தினாலும் மைக்கை அணைத்துவிடுங்கள்.