நிலத்துக்கு விலையா? பிச்சையா?

சர்க்கார் ஒரு ரோட்டுக்கோ, சுரங்கத்துக்கோ, தொழிற்சாலைக்கோ குடிகளின் நிலத்தை எடுத்துக் கொள்ளும்போது, இழந்தவர்களில் பலர் "எல்லாம் தலையெழுத்து" என்று சொல்லி, கொடுத்ததை வாங்கிக் கொண்டு வீடு திரும்புவதை நாம் பார்த்து வருகின்றோம். நிலம் போவது தலையெழுத்தினால் அல்ல, சட்டத்தினால். அச்சட்டத்தை எழுதினவர்கள் மனிதர்களேயாவார்கள். மனிதர் எழுதியதை மனிதர் படிக்கலாம், கேள்வி கேட்கலாம், மாற்றவும் செய்யலாம்.

மாற்றியும் இருக்கின்றார்கள். 1894-ல் வெள்ளைக்கார சர்க்கார் செய்த நில எடுப்புச் சட்டம், மார்க்கெட் விலையும், கட்டாயமாய்ப் பிடுங்குவதற்கு ஆறுதலாக நூற்றுக்கு 15-ம் கொடுத்தால் போதும் என்றது. 1984-ல் அந்த 15 என்பது 30 ஆயிற்று. வெள்ளைக்காரர் போய் 66 வருஷம் வரையில் அவர்கள் சட்டமே நம் உழவனை ஆண்டது என்றால், சுயராஜ்யம் யாருக்கு வந்தது என்று கேட்கின்றோம். பிறகுதான் 2013-ல் புதிய சட்டம் செய்யப்பட்டு, 2014 ஜனவரி 1 முதல் அமுலுக்கு வந்தது.

நாம் ரோடு வேண்டாம், ரயில் வேண்டாம் என்று சொல்லுபவர்களல்ல. 1948-ல் சென்னை மாகாணத்தில் ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்தது போன்ற காரியங்களுக்காக அழுபவர்களுமல்ல. ஊரான் உழைப்பில் உட்கார்ந்து தின்றவனுடைய பாத்தியதை வேறு. ஒரு ஏக்கரைத் தானே உழுது பிழைப்பவனுடைய பாத்தியதை வேறு. ரோடு ஊருக்கெல்லாம் நன்மை என்றால், அதன் செலவும் ஊருக்கெல்லாம் பொதுவாக இருக்க வேண்டாமா? லட்சம் பேர் வண்டியில் போவதற்காக ஒரு குடும்பம் மட்டும் தெருவில் நிற்பது எந்த ஊர் நியாயம்?

2013 சட்டம் சொல்லுவதென்ன? சர்க்கார் வழிகாட்டி மதிப்பு, அக்கம்பக்கத்தில் மூன்று வருஷத்தில் நடந்த கிரயங்களில் உயர்ந்த பாதியின் சராசரி ஆகியவைகளில் எது அதிகமோ அதை எடுத்துக் கொண்டு, கிராமத்து நிலமானால் 1 முதல் 2 வரையுள்ள ஒரு எண்ணால் பெருக்கி, அதற்குமேல் நூற்றுக்கு நூறு ஆறுதல் தொகையும் சேர்க்க வேண்டும் என்கின்றது. இந்த ராஜ்யத்தில் தொழிற்சாலைக்கும் நெடுஞ்சாலைக்கும் நிலம் எடுக்கும் 1997, 2001-ம் வருஷத்துச் சட்டங்கள் தனியாக நிற்பதை சுப்ரீம் கோர்ட்டு 2021-ல் ஒப்புக் கொண்டது. ஆனாலும் அவற்றிலும் நஷ்டஈட்டுக் கணக்கு 2013 சட்டத்தின்படியே இருக்க வேண்டும்.

இங்கு நம் ஜனங்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டியிருக்கின்றது. ஏக்கர் 10 லட்சத்துக்கு வாங்கிவிட்டு, முத்திரைச் செலவுக்குப் பயந்து 4 லட்சம் என்று பத்திரம் எழுதுகின்றார்கள். நாளைக்கு சர்க்கார் அந்த நிலத்தை எடுத்தால், பெருக்கும் எண் 1 என்றே வைத்துக் கொண்டாலும், 20 லட்சம் வர வேண்டிய இடத்தில் 8 லட்சம் வரும். சில ஆயிரத்தை மிச்சம் பிடித்ததற்கு 12 லட்சம் தண்டம். அதுவும் பொய்ப் பத்திரம் எழுதினவனோடு போகாமல், சராசரிக் கணக்கிலே பக்கத்து நிலத்துக்காரன் தலையிலும் விடிகின்றது. சர்க்காரும் லேசுப்பட்டதல்ல. 2017-ல் வழிகாட்டி மதிப்பை நூற்றுக்கு 33 வீதம் குறைத்தார்கள். வாங்குபவர் மகிழ்ந்தனர், ஆனால் அம்மதிப்பை நம்பி நஷ்டஈடு பெற வேண்டியவனுக்கு அதே கத்தி வெட்டிற்று.

நிற்க, நிலமே இல்லாதவன் கதி என்ன? பட்டாக்காரருக்குப் பணம் வருகின்றது. அந்த வயலில் நாற்று நட்டவளுக்கும், குத்தகைக்கு உழுதவனுக்கும் வேலை போகின்றது. மூன்று வருஷமாய் அந்நிலத்தை நம்பிப் பிழைத்த கூலியாள், குத்தகைக்காரர், வாரக்காரர், கைத்தொழிலாளி ஆகியோரும் பாதிக்கப்பட்ட குடும்பமே என்று 2013 சட்டம் சொல்லுகின்றது. வேலை, அல்லது 5 லட்சம் ரூபாய், அல்லது 20 வருஷத்துக்கு மாதம் 2,000-க்குக் குறையாத தொகை என்றும் வழி வகுத்திருக்கின்றது. ஆனால் பட்டா இல்லாதவன் பெயர் ஜாபிதாவில் ஏறினால்தானே இதெல்லாம் கைக்கு வரும்? நாளெல்லாம் சேற்றில் நின்றவன் பெயரைக் கணக்குப் புத்தகம் அறியாது என்றால், அந்தப் புத்தகம்தான் திருத்தப்பட வேண்டும்.

ஆகவே தோழர்கள் செய்ய வேண்டியது இது. நோட்டீசு வந்ததும் ஊர்கூடிப் படியுங்கள். கூலிக்காரர், குத்தகைக்காரர் பெயர்களை நிலத்துக்காரரே முன்னின்று எழுதச் செய்யுங்கள். தொகை குறைவானால், "ஆட்சேபணையுடன் பெற்றுக் கொள்ளுகின்றேன்" என்று எழுதிவிட்டே வாங்குங்கள். எழுதாமல் வாங்கினவருக்கு 2013 சட்டப்படி மேல் விசாரணை கேட்கும் உரிமை போய்விடும். தீர்ப்பின்போது நேரில் இருந்தவர்கள் ஆறு வாரத்துக்குள் கலெக்டரிடம் மனுக் கொடுக்க வேண்டும். தேசிய நெடுஞ்சாலை போன்றவைகளுக்கு முறையிடும் வழி வேறாதலால், எந்தச் சட்டத்தில் நிலம் எடுக்கின்றார்கள் என்பதை முதலில் கேளுங்கள்.

கொடுப்பது தர்மமானால் கை கூப்பலாம். இது கிரயம். கிரயத்தில் கூப்பும் கைக்கு வேலையில்லை. கணக்குப் பார்க்கும் அறிவுக்கே வேலை.