பிள்ளையின் மவுனத்தையும் கவனியுங்கள்!

கொரிய நாடகம் என்றாலே காதலும், கண்ணீரும் தான் என்று நினைக்கும் சகோதரிகள், 'வீக் ஹீரோ கிளாஸ் 1' தொடரைப் பார்த்தால் திடுக்கிட்டுப் போவர். 2022ல் தென்கொரியாவில் வந்த எட்டுப் பாகத் தொடர் இது. பள்ளிச் சீருடையோடு பையன்கள் ரத்தம் சொட்ட அடித்துக் கொள்கின்றனர். 'இதைப் பார்த்தா பிள்ளைங்க கெட்டுப் போகும்' என்கின்றனர் பலர். சின்னப் பிள்ளைகளுக்கு ஆகாது தான். ஆனால், பெற்றவர்கள் அவசியம் பார்க்க வேண்டும் என்பேன்.

கதையில் மூன்று நண்பர்கள். படிப்பில் முதலிடம் பிடிக்கும் சி-யுன்; பெற்றோர் பிரிந்து, அவரவர் வேலையில் மூழ்கி விட, தனிமையிலேயே வளர்பவன். சூ-ஹோ, பாட்டியோடு வசிப்பவன்; வேலை பார்த்துச் சம்பாதித்து விட்டு, வகுப்பில் தூங்குபவன். பொம்-சொக், அரசியல்வாதியின் வளர்ப்பு மகன். பணத்துக்குக் குறைவில்லை, ஆனால், வீட்டில் அப்பாவிடம் அடி, முன்பு படித்த பள்ளியில் மாணவர்களிடம் அடி.

உயிராகப் பழகிய இவர்களுக்குள் பகை எதனால் வருகிறது தெரியுமா? இன்ஸ்டாகிராமில் தன்னை சூ-ஹோ 'ஃபாலோ' பண்ணவில்லையே என்ற சின்ன வருத்தம் தான் பொம்-சொக்கை அரிக்க ஆரம்பிக்கிறது. வாய் திறந்து கேட்டிருந்தால், இரண்டு நிமிடத்தில் தீர்ந்திருக்கும். கேட்கவில்லை. மனசுக்குள்ளேயே வைத்துப் புழுங்கி, கடைசியில் ஆள் வைத்து அடிக்கும் அளவுக்குப் போகிறான். நினைவிழந்து மருத்துவமனையில் கிடக்கிறான் சூ-ஹோ.

அவன் செய்தது மன்னிக்க முடியாத துரோகம். அப்பாவிடம் அடி வாங்கியதால் அது நியாயமாகி விடாது. ஆனாலும், 'ஏண்டா முகம் வாடிக் கிடக்கு?' என்று அந்த வீட்டில் யாராவது ஒருவர் கேட்டிருந்தால், மூன்று பிள்ளைகளின் வாழ்க்கை இப்படிச் சிதைந்திருக்குமா? 2025ல் வந்த இரண்டாம் பகுதியில், புதுப் பள்ளியில் சேர்ந்த சி-யுன், மறுபடி யாரோடும் ஒட்டவே பயப்படுகிறான்.

பள்ளி வன்முறையைத் தடுக்க, தென்கொரியாவில் 2004லேயே சட்டம் வந்து விட்டது. ஆனால், புகார் வந்த பிறகு தானே சட்டம் எழுந்து வரும்? புகார் சொல்லவே வாய் வராத பிள்ளையை, வீட்டில் இருப்பவர்கள் தான் கண்டுபிடிக்க வேண்டும்.

சண்டை போட்டு, சட்டை கிழிந்து வருகிற பையனை உடனே கவனித்து விடுகிறோம். சத்தமில்லாமல் வந்து, சாப்பிட்டு, கதவைச் சாத்திக் கொள்பவனை, 'தங்கமான பிள்ளை' என்று விட்டு விடுகிறோம். அவனைத் தான் முதலில் கவனிக்கணும்.

'எத்தனை மார்க்?' என்று கேட்பதற்கு முன், 'இன்னைக்கு யார் கூட உட்கார்ந்து சாப்பிட்டே?' என்று கேட்டுப் பாருங்களேன் சகோதரிகளே! பதில் சொல்லத் தயங்கினால், அடுப்பை அணைத்து விட்டு, கொஞ்ச நேரம் பக்கத்தில் உட்காருங்கள்.

- ஒரு வாசகி