இதய நலமும் வரி விகிதமும்

மாரடைப்பு குறித்துப் பேசுவது மருத்துவர்களின் வேலை என்றே நாம் நெடுங்காலமாக எண்ணி வந்திருக்கிறோம். ஆனால், அந்த நோயின் புள்ளிவிவரங்களைப் பார்க்கும் எவருக்கும் அதில் பொருளாதாரத்தின் பங்கு எவ்வளவு பெரியது என்பது புலப்படும். உலக சுகாதார அமைப்பின் கணக்குப்படி, 2019-ஆம் ஆண்டில் மட்டும் இதய, ரத்தநாள நோய்களால் 1.79 கோடி பேர் உயிரிழந்தனர். உலகில் நிகழ்ந்த மொத்த இறப்புகளில் இது 32 சதவீதம். இந்த உயிரிழப்புகளில் நான்கில் மூன்று பங்குக்கும் மேல் குறைந்த, நடுத்தர வருவாய் கொண்ட நாடுகளில் நிகழ்ந்தவை. 'பணக்காரர்களின் நோய்' என்ற பழைய பெயர் இனி இதற்குப் பொருந்தாது.

ரத்தநாளத் தடிப்பு ஒரே நாளில் வருவதன்று. ரத்தத்தில் உள்ள எல்டிஎல் என்னும் கொழுப்புத் துகள்கள் நாளத்தின் உட்சுவருக்குள் நுழைந்து தங்குகின்றன. அவற்றை அகற்ற வரும் வெள்ளணுக்களும் அங்கேயே சிக்கி, படிமமாக மாறுகின்றன. உயர் ரத்த அழுத்தமும் சர்க்கரையும் புகையிலை நச்சும் சுவரைப் புண்படுத்தி இதை விரைவுபடுத்துகின்றன. ஒரு நாள் அந்தப் படிமம் வெடித்து, அதன் மீது ரத்தம் உறையும்போதுதான் மாரடைப்பு நேர்கிறது. கொரியப் போரில் உயிரிழந்த 300 அமெரிக்க வீரர்களின் உடல்களை ஆராய்ந்து 1953-இல் வெளியான ஆய்வு, சராசரியாக 22 வயதே ஆன அந்த இளைஞர்களில் 77 சதவீதத்தினரின் இதய நாளங்களில் நோயின் அடையாளம் இருந்ததைக் காட்டியது. ஐம்பது வயதில் வெளிப்படும் நோய் இருபது வயதிலேயே தொடங்கிவிடுகிறது.

இதன் காரணிகளும் மர்மமானவை அல்ல. அமெரிக்காவின் ஃபிரேமிங்ஹாம் நகரில் 1948-இல் 5,209 பேருடன் தொடங்கிய ஆய்வு, ரத்த அழுத்தம், கொழுப்பு, புகைப்பழக்கம் ஆகியவற்றுக்கும் இதய நோய்க்கும் உள்ள தொடர்பை நிறுவியது. 52 நாடுகளில் நடத்தப்பட்டு 2004-இல் வெளியான 'இன்டர்ஹார்ட்' ஆய்வு, முதல் மாரடைப்புக்கான அபாயத்தில் 90 சதவீதத்துக்கு மேற்பட்டதை ஒன்பது காரணிகளைக் கொண்டே விளக்கிவிடலாம் என்றது. புகைப்பழக்கம், கொழுப்பு, ரத்த அழுத்தம், சர்க்கரை நோய், வயிற்றுப் பருமன், மன அழுத்தம், காய்கனி உண்ணாமை, உடற்பயிற்சி இன்மை ஆகியவை அவற்றுள் அடங்கும். எல்லாமே மாற்றக் கூடியவை.

அதே ஆய்வின் தரவுகள் நம்மைக் கவலைகொள்ளச் செய்யும் மற்றோர் உண்மையையும் சொல்லின. தெற்காசியர்களுக்கு முதல் மாரடைப்பு சராசரியாக 53 வயதில் வருகிறது. பிற நாட்டவருக்கு ஏறத்தாழ 59 வயதில். இந்த ஆறு ஆண்டு இடைவெளி வெறும் எண் அன்று. நம் குடும்பங்களில் 53 வயது என்பது மகளின் திருமணமும் மகனின் கல்லூரிக் கட்டணமும் வீட்டுக் கடன் தவணையும் ஒன்றாக வந்து சேரும் வயது. ஓய்வூதியம் இல்லாத ஓட்டுநரோ, கட்டடத் தொழிலாளியோ அந்த வயதில் படுத்துவிட்டால், அடுத்த தலைமுறையின் படிப்பும் அத்துடன் நின்றுபோகிறது.

இவ்வளவும் தெரிந்த பிறகும் நாம் தரும் தீர்வு என்ன? 'உப்பைக் குறையுங்கள், நடைப்பயிற்சி செய்யுங்கள், புகையை விடுங்கள்' என்ற அறிவுரைதான். அறிவுரையில் தவறில்லை. ஆனால், மனிதர்கள் அறிவுரையை விட விலைக்கே விரைவாகச் செவிசாய்க்கிறார்கள் என்பது பொருளியலின் அடிப்படைப் பாடம். விலைகள் நம் நாட்டில் எந்தத் திசையில் நகர்கின்றன?

2025 செப்டம்பரில் நடைமுறைக்கு வந்த ஜிஎஸ்டி சீரமைப்பை எடுத்துக்கொள்வோம். மருந்துகளுக்கான வரி குறைக்கப்பட்டது. தனிநபர் மருத்துவக் காப்பீட்டுக்கு வரி நீக்கப்பட்டது. உடற்பயிற்சிக்கூடங்களுக்கான வரி 18 சதவீதத்திலிருந்து 5 சதவீதமாகக் குறைந்தது. காற்றூட்டப்பட்ட குளிர்பானங்கள் 40 சதவீத வரம்புக்குள் வைக்கப்பட்டன. இவை வரவேற்கத்தக்கவை. ஆனால், அதே அறிவிப்பில் பிஸ்கட், சாக்லேட், உடனடி நூடுல்ஸ், பொட்டலமிட்ட கார வகைகள் ஆகியவற்றுக்கான வரியும் 5 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. பீடிக்கான வரியை 28 சதவீதத்திலிருந்து 18 சதவீதமாகக் குறைக்கவும் ஜிஎஸ்டி கவுன்சில் முடிவெடுத்தது. நோயைத் தருவதும் மலிவு, மருந்தும் மலிவு என்றால் அது சுகாதாரக் கொள்கை ஆகாது.

எண்ணெய்க்கு வருவோம். தமிழக நியாயவிலைக் கடைகளில் 2007 முதல் சிறப்புப் பொது விநியோகத் திட்டத்தின்கீழ் பாமாயில் வழங்கப்படுகிறது. லிட்டர் 25 ரூபாய்க்குக் கிடைக்கும் அந்த எண்ணெய், ஏழைக் குடும்பங்களுக்குப் பெரும் ஆறுதல். ஆனால், பாமாயிலில் நிறைவுற்ற கொழுப்பின் அளவு கடலை எண்ணெயையோ நல்லெண்ணெயையோ விட இருமடங்குக்கு மேல். உள்நாட்டு எண்ணெய்களை நியாயவிலைக் கடைகளில் வழங்க வேண்டும் என்று விவசாயிகள் நெடுநாள்களாகக் கோருகின்றனர். கடலை, எள் எண்ணெய்களைப் பொறுத்தவரை உழவர் நலனும் இதய நலனும் ஒன்றுபடுகின்றன. தேங்காய் எண்ணெய்க்கு அந்தப் பொருத்தம் இல்லை. அதில் நிறைவுற்ற கொழுப்பு பாமாயிலைவிடவும் அதிகம். தென்னை விவசாயிக்கு வேறு வழியில் உதவலாம்.

மாற்று ஏற்பாடு இன்றிப் பாமாயிலை நிறுத்துவது கொடுமையாகும். மானியத்தின் ஒரு பகுதியைப் படிப்படியாகக் கடலை எண்ணெய்க்கும் பருப்புக்கும் திருப்புவதே முறை.

நம் எதிரில் வெற்றிபெற்ற உதாரணங்கள் உள்ளன. ஃபின்லாந்தின் வடக்கு கரேலியா மாகாணம் ஒரு காலத்தில் இதய நோய் இறப்பில் உலகின் முன்வரிசையில் இருந்தது. 1972-இல் அங்கு தொடங்கிய திட்டம், தனிமனிதர்களைக் கண்டிப்பதோடு நிற்கவில்லை. உப்பைக் குறைக்க உணவு உற்பத்தியாளர்களுடன் பேசியது. வெண்ணெய்க்குப் பதில் தாவர எண்ணெயைப் பழக்கியது. பால்பண்ணையாளர்கள் பழச் சாகுபடிக்கு மாற வழிகாட்டியது. நாற்பது ஆண்டுகளில் உழைக்கும் வயது ஆண்களிடையே இதய நோய் இறப்பு 80 சதவீதத்துக்கும் மேல் குறைந்தது. சிலி நாடு 2016-இல் சர்க்கரை, உப்பு, கொழுப்பு மிகுந்த பொட்டலங்களின் முகப்பில் கருப்பு எச்சரிக்கை முத்திரையைக் கட்டாயமாக்கி, குழந்தைகளைக் குறிவைக்கும் விளம்பரங்களையும் கட்டுப்படுத்தியது. அதன்பின் இனிப்புப் பானங்கள் வாங்கும் அளவு ஏறத்தாழ கால் பங்கு குறைந்தது.

இந்தியாவாலும் இது முடியும். எண்ணெய், கொழுப்புப் பொருள்களில் டிரான்ஸ் கொழுப்பின் அளவு 2 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்ற விதி 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. அதற்காக எந்தக் குடும்பத் தலைவியும் ரசாயனம் படிக்க வேண்டியிருக்கவில்லை. ஆனால், முகப்பு எச்சரிக்கையில் மட்டும் தயக்கம் நீடிக்கிறது. 2022-இல் எச்சரிக்கைக்குப் பதில் நட்சத்திர மதிப்பீட்டை முன்வைத்த வரைவு வெளியானது. 2025 ஏப்ரலில் உச்சநீதிமன்றம் மூன்று மாத அவகாசம் அளித்தது. பின்னர் அது நீட்டிக்கப்பட்டது. உப்பு மிகுந்த சிப்ஸ் பொட்டலத்துக்கும் ஓரிரு நட்சத்திரம் கிடைக்கும் என்றால், வாங்குபவர் அதைப் பாராட்டாகவே எடுத்துக்கொள்வார்.

தமிழகத்தில் நம்பிக்கை தரும் செயல்களும் நடக்கின்றன. 2020-இல் நடத்தப்பட்ட மாநில ஆய்வில், வயது வந்தோரில் மூவரில் ஒருவருக்கு உயர் ரத்த அழுத்தம் இருந்தது, அவர்களில் 7.3 சதவீதத்தினருக்கே அது கட்டுக்குள் இருந்தது. 2021 ஆகஸ்டில் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' மாத்திரைகளை வீட்டு வாசலுக்கே கொண்டு சென்றது. அடுத்த ஆய்வில் அந்த விகிதம் ஏறத்தாழ 17 சதவீதமாக உயர்ந்தது. நல்ல முன்னேற்றம்தான், ஆயினும், ஆறில் ஐந்து பேருக்கு அழுத்தம் இன்னும் கட்டுக்கு வரவில்லை. 2017-இல் ஸ்டென்ட் விலைக்கு உச்சவரம்பு விதித்தபோது நாடே பேசியது. அந்த ஸ்டென்ட் தேவைப்படாமலே செய்யக்கூடிய, நாளொன்றுக்குச் சில ரூபாய் மட்டுமே ஆகும் ரத்த அழுத்த மாத்திரையைப் பற்றி யாரும் பேசுவதில்லை.

பீடிக்கும் நொறுக்குத் தீனிக்கும் வரியை உயர்த்தினால் ஏழைகளைத்தானே பாதிக்கும் என்ற வாதம் நியாயமானதே. ஆனால், விலை உயர்ந்தால் முதலில் வாங்குவதைக் குறைப்பவர்கள் குறைந்த வருவாய் உள்ளவர்களே. ஆகவே, நோயிலிருந்து முதலில் தப்புபவர்களும் அவர்களே. வரியைத் தவிர்த்தால் ஏழைக்கு மிச்சமாவது சில ரூபாய். மாரடைப்பு வந்தால் அவர் இழப்பது வீட்டையும் நகையையும். நாட்டின் மொத்த மருத்துவச் செலவில் மக்கள் தம் கையிலிருந்து செலவிடுவது 2021-22-இல் 39.4 சதவீதமாக இருந்தது. திருநெல்வேலி, தென்காசி, வேலூர் பகுதிகளில் பீடி சுற்றும் பெண்களின் பிழைப்பும் உண்மையான கேள்விதான். கூடுதல் வரி வருவாயின் ஒரு பகுதியை அவர்களின் மாற்றுத் தொழிலுக்கென ஒதுக்குவதே அதற்கு விடை.

மிகுந்த அபாயம் உள்ள சிலரை விட, சிறிதளவு அபாயம் உள்ள பெருந்திரளிடமிருந்தே அதிக நோயாளிகள் உருவாகிறார்கள் என்று பிரிட்டன் மருத்துவ அறிஞர் ஜெஃப்ரி ரோஸ் எடுத்துக்காட்டினார். எனவே, ஒவ்வொருவரின் உணவிலும் உப்பு ஒரு கிராம் குறைவது, சிலருக்குச் செய்யும் உயர் சிகிச்சையை விடப் பல உயிர்களைக் காக்கக்கூடும். உப்பு, சர்க்கரை அளவைப் பொறுத்து வரி, முகப்பில் தெளிவான எச்சரிக்கை, பீடிக்கும் சிகரெட்டுக்கும் வேறுபாடற்ற கடுமை, நியாயவிலைக் கடையில் நல்ல எண்ணெய், தொடர்ந்து கிடைக்கும் மாத்திரை ஆகிய ஐந்தும் நிதியமைச்சகமும் உணவுத் துறையும் சுகாதாரத் துறையும் ஒரே மேசையில் அமர்ந்தால் செய்யக்கூடியவை. ஆண்டுதோறும் நிதிநிலை அறிக்கை தயாராகும்போது, ஒவ்வொரு வரி மாற்றமும் மக்களின் உடல்நலத்தை எப்படிப் பாதிக்கும் என்ற ஒரு பக்கக் குறிப்பையும் அத்துடன் இணைக்கும் வழக்கத்தை அரசுகள் தொடங்க வேண்டும்.