ரயிலடியை விட்டுப் பேருந்து நிலையம் போகலாமா?

கடலூர் திருப்பாதிரிப்புலியூரில் ரயிலை விட்டு இறங்குபவர்கள் பெட்டியும் பையுமாக நடந்தே பேருந்து நிலையத்துக்குப் போய்விடலாம். பண்ருட்டிக்கோ புதுச்சேரிக்கோ சிதம்பரத்துக்கோ அங்கேயே வண்டி ஏறலாம். பேருந்து நிலையத்தை ஊருக்கு வெளியே எம்.புதூருக்குக் கொண்டுபோகும் திட்டம் வந்ததிலிருந்து ஊரில் நடக்கும் வாதம் பெரும்பாலும் எந்த இடம் விசாலமானது, எந்த இடம் ஆட்சியர் அலுவலகத்துக்குப் பக்கம் என்பதைச் சுற்றியே இருக்கிறது. ரயிலும் பேருந்தும் அடுத்தடுத்து நிற்பதன் மதிப்பு அதில் போதிய அளவு பேசப்படவில்லை. அந்த மதிப்பு தெரிய வேண்டுமானால், சென்னையின் பறக்கும் ரயில் நிலையங்களின் வரலாற்றைப் பார்க்க வேண்டும்.

தூண்களின் மேல் ஓடும் நகர ரயில் இந்தியாவில் முதலில் வந்தது சென்னையில்தான். 1980களில் ஒப்புதல் கிடைத்து, 1995 நவம்பரில் கடற்கரையிலிருந்து சேப்பாக்கம் வரையும், 1997இல் திருமயிலை வரையும், 2007இல் வேளச்சேரி வரையும் பாதை நீண்டது. இந்தப் பாதை எந்த வழியாகப் போக வேண்டும் என்பதைத் தீர்மானித்ததில் பக்கிங்காம் கால்வாய்க்குப் பெரும் பங்கு உண்டு. கால்வாய் அரசுச் சொத்து. அதன் ஓரமாகவும் உள்ளேயும் தூண் நட்டால் வீடுகளையும் கடைகளையும் இடிக்கும் செலவும் வழக்குகளும் குறையும். கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் அந்தத் துண்டுக் கால்வாய், தாது வருடப் பஞ்சத்தில் கூலிக்கு மண் வெட்டிய ஏழைகளின் உழைப்பு. அதன் படுகையில்தான் இன்று கான்கிரீட் தூண்கள் வரிசையாக நிற்கின்றன. நீரோட்டம் சுருங்கியது ஒரு நஷ்டம். கால்வாய் போன வழியிலேயே நிலையங்களும் போனதால் பயணிகளுக்கு வந்தது இன்னொரு நஷ்டம். மக்கள் கூடும் பேருந்து நிறுத்தங்கள் ஒரு பக்கம், நிலையங்கள் வேறு பக்கம் என்றாயிற்று. வேளச்சேரியில் ரயில் நிலையம் ஓரிடம், விஜயநகர் பேருந்து நிலையம் வேறிடம். திருமயிலை நிலையத்துக்குள் நுழைந்தால் மாளிகை போன்ற உயரம், அகன்ற கூடங்கள், ஆள் நடமாட்டமில்லாத மூலைகள், அதற்கு மேல் நடைமேடைக்கு ஏற நீளமான படிகள். கட்டடத்துக்குக் கொடுத்த இடத்தில் ஒரு பங்கைப் பேருந்துகள் வந்து நிற்பதற்குக் கொடுத்திருக்கலாம்.

உயரத்தில் கட்டியதே தவறு என்று இதற்குப் பொருள் கொள்ளக் கூடாது. அமெரிக்காவின் சிகாகோவில் 1897இல் நகரின் நடுக்கடைத்தெருவைச் சுற்றி எழுப்பிய உயர்மட்டப் பாதை இன்றும் ஓடுகிறது. அலுவலகத்திலிருந்து இறங்கினால் எதிரே ரயில் படி என்ற அமைப்புதான் அதைக் காப்பாற்றியது. நம் பறக்கும் ரயிலிலும் இதற்குச் சான்று உண்டு. டைடல் பார்க் மென்பொருள் வளாகம் 2000இல் வந்தது. அதன் எதிரே இருக்கும் திருவான்மியூர் நிலையத்துக்குக் கூட்டமும் வந்தது. எனவே, பக்கத்தில் வேலையிடங்கள் வளர்ந்தால் நிலையத்துக்குக் கூட்டம் தானாக வரும் என்று வாதிடுவோர் சொல்வதில் உண்மை இருக்கிறது. ஆனால் அதே தடத்தில் உள்ள மற்ற பல நிலையங்களுக்கு அந்த அதிர்ஷ்டம் வாய்க்கவில்லை. ஒரு டைடல் பார்க்கை நம்பி ஒரு மாவட்டத் தலைநகரின் பேருந்து நிலையத்தைத் திட்டமிட முடியாது.

இதைவிடக் கடலூர்க்காரர்களுக்கு நேரடியாகப் புரியும் உதாரணம் கோயம்பேடு. 2015இல் மெட்ரோ ரயிலின் முதல் தடம் கோயம்பேட்டுக்கும் ஆலந்தூருக்கும் இடையே ஓடத் தொடங்கியபோது, புறநகர் பேருந்து நிலையத்தின் வாசலிலேயே ஓர் உயர்மட்ட நிலையம் இருந்தது. பறக்கும் ரயிலில் செய்யத் தவறியதை அங்கே செய்திருந்தார்கள். ஊரிலிருந்து வந்தவர் பேருந்தை விட்டு இறங்கி, படியேறினால் ரயில். எட்டே ஆண்டுகளில், 2023 டிசம்பர் 30 அன்று கிளாம்பாக்கம் பேருந்து நிலையம் திறக்கப்பட்டது. திண்டிவனம் வழியாக வரும் கடலூர், சிதம்பரம் பேருந்துகள் உட்படத் தென்மாவட்ட வண்டிகள் அடுத்த சில வாரங்களில் அங்கே மாறின. திறந்த நாளில் அங்கே மெட்ரோவும் இல்லை, புறநகர் ரயில் நிலையமும் இல்லை. விடியற்காலையில் கைக்குழந்தையோடு வந்து இறங்கியவர்கள் மாநகரப் பேருந்தையோ ஆட்டோவையோ தேடி அலைந்தார்கள். கோயம்பேட்டு நெரிசல் உண்மைதான். அதைத் தீர்க்கப் போனவர்கள் ரயிலை முதலில் கொண்டுவந்து, பிறகு பேருந்தை மாற்றியிருக்க வேண்டும்.

கடலூரிலும் நெரிசலைத்தான் காரணமாகச் சொல்கிறார்கள். லாரன்ஸ் ரோட்டில் ஒருமுறை மாட்டிக்கொண்டவர் யாரும் அதை மறுக்க மாட்டார். இப்போதைய பேருந்து நிலையம் வளர்ந்துவிட்ட ஊருக்குப் போதாது என்பதும் சரி. ஆனால் நெரிசலுக்குக் காரணம் எல்லா வண்டிகளும் ஒரே இடத்துக்கு வருவது. ஊரில் ஏற்றி இறக்கும் வேலை அதிகமில்லாமல் கடந்து போகும் தொலைதூர வண்டிகளைப் புறவழியில் நிறுத்தலாம். டவுன் பஸ்ஸும், பண்ருட்டி, நெல்லிக்குப்பம், சிதம்பரம் போன்ற பக்கத்து ஊர் வண்டிகளும் ரயிலடியிலேயே இருக்கட்டும். ரயிலில் வருபவர்கள் எத்தனை பேர், அவர்களுக்காகப் பேருந்து நிலையத்தைக் கட்டிப்போடுவதா என்று கேட்பார்கள். விழுப்புரம் – மயிலாடுதுறை தடம் அகலப்பாதைப் பணிக்காக 2006 முதல் 2010 வரை மூடிக் கிடந்தது. அந்த ஆண்டுகளில் மாணவர்களும் வியாபாரிகளும் பேருந்துக்குப் பழகிப்போனார்கள். இன்று அதே தடம் மின்மயமாகிவிட்டது. காலையும் மாலையும் கூடுதலாகப் பயணிகள் ரயில் விட்டால் ஏற ஆள் உண்டு. ஆனால் இறங்கியதும் இன்னொரு வண்டிக்குக் கூலி கொடுத்துப் பேருந்து நிலையம் போக வேண்டியிருந்தால், அந்த ரயிலை யார் நம்புவார்கள்?

சிதம்பரத்தின் நிலை இன்னும் அவசரமானது. அங்கே தண்டவாளத்துக்கு ஒருபுறம் நடராசர் கோயிலைச் சுற்றிய நகரம், மறுபுறம் 1929இல் தொடங்கிய அண்ணாமலைப் பல்கலைக்கழகமும் மருத்துவமனையும். இரண்டுக்கும் நடுவே ரயில் நிலையம் இருக்கிறது. அம்ரித் பாரத் திட்டத்தில் புதுப்பித்து 2025 மே மாதம் அதைத் திறந்தார்கள். முகப்பு பளபளக்கிறது, நல்லது. இங்கும் ஊருக்கு வெளியே புதிய பேருந்து நிலையம் பேசப்படுகிறது. நிலையம் எங்கே போனாலும், ரயில் வரும் நேரத்தை ஒட்டி ரயிலடியிலிருந்து பல்கலைக்கழகத்துக்கும் மருத்துவமனைக்கும் பேருந்து நிலையத்துக்கும் டவுன் பஸ் புறப்பட வேண்டும். கடலூரிலும் சிதம்பரத்திலும் ஒப்பந்தப்புள்ளி கோருவதற்கு முன்பாக ரயில்வேயும் போக்குவரத்துக் கழகமும் நகராட்சி நிர்வாகத் துறையும் ஒரே மேசையில் உட்கார்ந்து, ரயிலிலிருந்து பேருந்துக்குப் பயணி எப்படிப் போவார், எத்தனை நிமிடம் ஆகும், மழையில் நனையாமல் போக முடியுமா என்பதை எழுத்தில் வைக்கட்டும். அந்தத் தாளை இரண்டு ஊர் மக்களின் பார்வைக்கும் வைத்த பிறகு மண்ணை வெட்டலாம்.