பார்த்ததில் பிடித்தது: கத்திக்காரனின் காதல்

ஜப்பானிய டைரக்டர் ஓஸூ 1930-ல் எடுத்த ஊமைப் படம் ஒன்றை என் பெண் போட்டுக் காட்டினாள். ‘உற்சாகமாய் நட’ என்று அர்த்தம் வரும் பெயர்.

கென்ஜி, கத்திக்குப் பேர்போன திருடன். ஆபீஸில் வேலை பார்க்கும் யாசுயே என்ற பெண்ணிடம் மனசைப் பறிகொடுக்கிறான். அவன் பிழைப்பு தெரிந்ததும் அவள் ஒதுங்கி விடுகிறாள்! ‘கல்யாணம் பண்ணி வைத்தால் எல்லாம் சரியாயிடும்’ என்று எத்தனை பெண்களை நாமே தள்ளி விட்டிருக்கிறோம்? இவள் அதற்கு ஆளாகவில்லை. திருந்த வேண்டியது அவன் பாடு.

கத்தி பிடித்த கை மாடிக் கட்டடத்தில் ஜன்னல் துடைக்கிறது. பழைய குற்றத்துக்கு ஜெயிலும் உண்டு. அதற்கப்புறம்தான் அவள் வீட்டு வாசல்.

அந்நாளில் அங்கே திரைக்குப் பக்கத்தில் ‘பென்ஷி’ என்பவர் நின்று கதை சொல்வாராம். எனக்கு அவர் வேண்டியிருக்கவில்லை. அந்த ஜன்னல் துடைக்கும் காட்சியே எல்லாம் சொல்லிவிட்டது.