குறுக்கே வந்த கேமராமேன்

எண்டு கார்டு விஷயத்தில் எனக்குள்ள வியாதி இந்தப் பக்கத்தை வாராவாரம் படிப்பவர்களுக்குத் தெரியும். கடைசிப் பெயர் ஓடி முடியும்வரை தியேட்டரில் எழுந்திருக்க மாட்டேன். அதற்குள் வீட்டார் வெளியே போய் ஆட்டோ பிடித்திருப்பார்கள்.

இந்த வாரம் டிவியில் ஒரு சினிமா விருது விழா. சிறந்த ஒளிப்பதிவாளர் பெயரை அறிவித்தார்கள். மனிதர் மேடைப் படியில் கால் வைத்தார், விளம்பரம் வந்துவிட்டது. திரும்பி வந்தபோது யாரோ ஆடிக்கொண்டிருந்தார்கள். 2019இல் ஆஸ்கர்காரர்களே ஒளிப்பதிவு விருதை விளம்பர நேரத்துக்குள் தள்ளப் பார்த்து, சினிமாக்காரர்கள் கொதித்தெழுந்ததும் பின்வாங்கினார்கள். பக்கம் முழுக்க இதைத் திட்டித் தீர்ப்பதாக இருந்தேன். ஸ்டேவான் லபுடோவிச் குறுக்கே வந்துவிட்டார்.

1926இல், இன்று மாண்டினீக்ரோவில் இருக்கும் பெரானேயில் பிறந்தவர். வாழ்ந்தது, வேலை பார்த்தது எல்லாம் செர்பியத் தலைநகர் பெல்கிரேடில். அங்கே ஃபில்ம்ஸ்கே நோவோஸ்தி என்ற செய்திப்பட நிறுவனத்தின் கேமராமேன். யூகோஸ்லாவிய அதிபர் டிட்டோ வெளிநாடு கிளம்பினால் கேமராவும் கையுமாக இவரும் கிளம்புவார். அப்படிப்பட்டவரை 1959இல் அல்ஜீரியாவுக்கு அனுப்பினார் டிட்டோ.

அங்கே பிரான்ஸை எதிர்த்து விடுதலைப் போர். அது போர்தான் என்று பிரான்ஸ் சட்டப்படி ஒப்புக்கொண்டதே 1999இல்தான். பிரெஞ்சுக் கேமராக்கள் காட்டாத பக்கத்தை லபுடோவிச் எடுத்தார். போராளிகளோடு சாப்பிட்டு, போராளிகளோடு நடந்து, 1962இல் விடுதலை கிடைக்கும்வரை அவர்களோடே இருந்தார்.

துனீசிய எல்லையில் பிரான்ஸ் மோரிஸ் கோடு என்ற மின்வேலியைப் போட்டிருந்தது. 5,000 வோல்ட், சுற்றிலும் கண்ணிவெடி. அந்தப் பிரதேசத்தில் படம் எடுப்பதை யோசித்துப் பாருங்கள். அந்தக் காலக் கைக்கேமராவில் 60 மீட்டர் சுருள் போட்டால் இரண்டு நிமிடத்துக்குக் கொஞ்சம் மேல் ஓடும், அவ்வளவுதான். குண்டு பறக்கும்போது எதை எடுப்பது, எதை விடுவது? சுருள் தீர்ந்தால் எங்கே பதுங்கி மாற்றுவது? மானிட்டரும் கிடையாது, கழுவிப் பார்த்தால்தான் விழுந்ததா இல்லையா என்பது தெரியும்.

அதே போரைப் பற்றி இயக்குநர் பொன்டேகோர்வோ எடுத்த ‘பேட்டில் ஆஃப் அல்ஜியர்ஸ்’ 1966இல் வந்தது. செய்திப்படம் போலவே இருக்கும், ஆனால் ஓர் அடிகூட நிஜச் செய்திப்படம் இல்லை. உலகமே அதைத் தலையில் வைத்துக் கொண்டாடுகிறது. கொண்டாட வேண்டிய படம்தான். நிஜத்தை எடுத்தவரோ வெளியே பெயர் தெரியாமல் இருந்தார். அல்ஜீரியா மட்டும் அவரை மறக்கவில்லை. அவருடைய கடைசிக் காலத்தில் மிலா துராய்லிச் என்ற பெல்கிரேடு இயக்குநர் அந்தப் பழைய சுருள்களோடு அவரைப் படம்பிடித்தார். ‘சினே-கெரில்லாஸ்’ 2022இல் வெளியானது. லபுடோவிச் 2017இலேயே போய்விட்டார்.

ஃபிலிம் சொசைட்டி நண்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். வருடம் தவறாமல் பொன்டேகோர்வோவைப் போடுகிறீர்கள். அடுத்த முறை முதல்நாள் மாலை ‘சினே-கெரில்லாஸ்’ போடுங்கள். முன்வரிசையில் எனக்கு ஒரு நாற்காலி பிடித்து வையுங்கள்.