மஞ்சள் கொடியைப் பறிக்கும் முன்...

பெரம்பலூரிலிருந்து அரியலூருக்கு பஸ்ஸில் போயிருக்கிறீர்களா? வேலியோரப் புதர்களின் மேல் மஞ்சள் நூல்கண்டைப் பிரித்துப் போட்டது போல ஒரு கொடி படர்ந்து கிடக்கும். அதுதான் கொத்தான். வேர் மண்ணில் இருக்காது. இலையும் கண்ணுக்குத் தெரியாது. ஏறிய செடியின் தண்டில் உறிஞ்சு வேரைப் பதித்து, அதன் நீரையும் சத்தையும் குடித்தே வருஷக்கணக்கில் பிழைக்கும். இத்தனைக்கும் நம் சமையலறை இலவங்கப்பட்டைக்கு இது சொந்தக்காரன்!

"கொடி மஞ்சளா இருக்கு, காமாலைக்குக் கைகண்ட மருந்து" என்று யாராவது சொன்னால், நாமும் பறித்து அரைத்துக் குடித்துவிடுகிறோம். இங்கேதான் ஆபத்து.

முதலாவது, ஆள் மாறாட்டம். அம்மையார் கூந்தல் என்ற கொடியும் பார்க்க அப்படியே இருக்கும். ஆனால் அது வேறு குடும்பம், குணமும் வேறு. சில ஊர்களில் இரண்டுக்குமே கொத்தான் என்றுதான் பெயர். பட்டாணி அளவில் உருண்டையான சதைப்பற்றுள்ள காய் இருந்தால் கொத்தான். சிறுசிறு உலர்ந்த காய்கள் என்றால் அம்மையார் கூந்தல். காய் இல்லாத நாளில்? பழகிய கண்ணே தடுமாறும்.

இரண்டாவது, கொத்தானிலேயே வீரியமுள்ள ஆல்கலாய்டுகள் இருக்கின்றன. அளவு தெரியாமல் விழுங்கும் சரக்கு இல்லை இது. கர்ப்பிணிகளும் குழந்தைகளும் தொடவே வேண்டாம்.

மூன்றாவது, அது ஏறிய செடி எது? அரளி மேலோ எருக்கு மேலோ படர்ந்திருந்தால், அந்த நஞ்சும் கொடியில் கலந்து வரலாம். அரளியின் விஷம் இதயத்தையே தாக்கும்.

பாட்டி வைத்தியத்தைப் பழிக்கிறேன் என்று நினைக்காதீர்கள். பாட்டிக்குச் செடி தெரியும், அது ஏறிய மரம் தெரியும், அளவும் தெரியும். நமக்குத் தெரிந்ததெல்லாம் மஞ்சள் நிறம் மட்டும்தானே!

காமாலை என்பது ஓர் அறிகுறி. பின்னால் வைரஸ் கிருமி இருக்கலாம், பித்தப்பைக் கல் இருக்கலாம், எலிக்காய்ச்சலும் இருக்கலாம். ரத்தப் பரிசோதனை செய்யாமல் எது என்று யாராலும் சொல்ல முடியாது. அரியலூரில் 2022-ல் அரசு மருத்துவக் கல்லூரியே வந்துவிட்டது. சித்த மருந்துதான் வேண்டுமென்றால், படித்த சித்த மருத்துவரிடம் போங்கள். தலைக்குத் தேய்க்க எண்ணெய் காய்ச்சுவதானாலும் அவரிடம் கொடியைக் காட்டிவிட்டுச் செய்யுங்கள்.

வேலியில் சும்மா கிடைக்கிறதே என்று வயிற்றுக்குள் அனுப்பாதீர்கள். கண் மஞ்சளானால் அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குக் கிளம்புங்கள்!